செயலி சொன்ன கலவையும் பச்சைக் கிருஷ்ணரும்

கேள்வி, 11 ஓகஸ்ட் 2024

கொட்டாஞ்சேனையில் வாடகைத் தொடர்மாடி. செப்டெம்பர் முடிவில் வீட்டைக் கையளிக்க வேண்டும். புத்தகத் தட்டு பூட்டிய இடத்தில் நாலு ஓட்டை, அடைத்துவிட்டேன். சுவர் வெளிறிய சாம்பல் பச்சை. பழைய டின் எதுவும் மிஞ்சவில்லை. ஒரு வண்ணக் கலவைச் செயலியில் சுவரைப் படம் எடுத்துப் போட்டேன். வெள்ளை 6, மஞ்சள் 1, நீலம் 1, கறுப்பு 1, பொருத்தம் 97 வீதம் என்றது. அப்படியே கலந்தேன். வந்தது பாசி பிடித்த கிணற்றுச் சுவர். பிழை செயலியிலா, என்னிலா?

11 ஓகஸ்ட், இரவு 9.40

உங்களில் பிழை இல்லை தம்பி. அந்தச் செயலியில் இரண்டு சோதனை செய்து பாருங்கள், ஐந்து நிமிடம் போதும். மஞ்சள் 1, நீலம் 1 போடுங்கள். பச்சை வந்தால் அது பெயின்டை ஓரளவு அறிந்த செயலி. சாம்பல் வந்தால் திரையின் இலக்கங்களைக் கூட்டி இரண்டால் வகுக்கிறது, அவ்வளவுதான். அடுத்தது வெள்ளை 1, கறுப்பு 1. நடுத்தரச் சாம்பல் காட்டினால் அதுவும் அதே கணக்கு. உண்மையில் வெள்ளைக்குச் சமமாகக் கறுப்பை ஊற்றினால் கரி நிறந்தான் வரும். உங்கள் ஒன்பது பங்கில் ஒரு பங்கு கறுப்பு. கிணற்றுச் சுவருக்கு அதுவே போதும்.

12 ஓகஸ்ட்

இரண்டிலும் சாம்பல் என்று எழுதியிருக்கிறீர்கள். நினைத்தேன். நான் வைத்திருப்பதும் அதே வகைதான்.

திரையில் மஞ்சள் என்றால் சிவப்பு 255, பச்சை 255, நீலம் 0. நீலம் என்றால் 0, 0, 255. சராசரி எடுத்தால் மூன்றும் 128இல் வந்து நிற்கும், அது சாம்பல். பெயின்ட் அப்படி நடக்காது. மஞ்சள் பெயின்ட் நீல ஒளியை விழுங்கும். நீலப் பெயின்ட் சிவப்பை விழுங்கும். இரண்டும் விழுங்காமல் விட்டது பச்சை மட்டும், அதுதான் கண்ணுக்கு வருகிறது. 1931இல் போல் குபெல்கா, ஃபிரான்ஸ் முங்க் என்ற இருவர் இதற்குச் சமன்பாடு எழுதினார்கள். ஒரு நிறமி ஒவ்வொரு அலைநீளத்திலும் எவ்வளவு ஒளியை விழுங்கும், எவ்வளவு சிதறடிக்கும் என்ற இரண்டு எண்கள் தெரிந்தால் கலவையைக் கணித்துவிடலாம். இலவசச் செயலியிடம் அந்த இரண்டு எண்ணும் இல்லை. உங்கள் டின்னில் இருப்பது எந்த நீலம் என்றும் அதற்குத் தெரியாது. தாலோ நீலமும் அல்ட்ராமரீனும் அதற்கு ஒரே "நீலம்". ஒரு சொட்டுத் தாலோ ஒரு கோப்பை வெள்ளையையே மாற்றிவிடும். அல்ட்ராமரீன் அந்த அளவுக்கு வேகம் இல்லை.

அந்த 97 வீதத்தை நம்ப வேண்டாம். தான் திரையில் கலந்த நிறம், தான் படத்தில் எடுத்த நிறத்துக்கு எவ்வளவு கிட்ட என்றுதான் அது சொல்கிறது. சுவர் அந்தக் கணக்கிலேயே இல்லை.

13 ஓகஸ்ட்

இவ்வளவு கதைக்கிற நான் ஏன் இதில் மாட்டினேன் என்று கேட்டிருக்கிறீர்கள். எங்கள் வீட்டில், வெள்ளவத்தையில், நவராத்திரிக்குக் கொலு வைப்போம். பொம்மைகள் அம்மம்மாவின் சொத்து. சென்னையில் வாங்கி, தனுஷ்கோடி வந்து கப்பலேறி, தலைமன்னாரில் இறங்கி, போட் மெயில் ரயிலில் கொண்டுவந்தவ. 1964 டிசம்பர்ப் புயல் தனுஷ்கோடியை அடித்துக்கொண்டு போவதற்கு முந்தின கதை அது. மண் பொம்மைகள், மேலே வார்னிஷ். இந்த யூனில் றங்குப்பெட்டியை இறக்கும்போது கிருஷ்ணர் சரிந்துவிட்டார். இடது கையில் ஒரு ரூபாக் குற்றியளவு பெயின்ட் கழன்று உள்ளிருக்கும் வெள்ளைப் பூச்சு தெரிகிறது. அதை மட்டும் தொட வேண்டும், மற்ற இடத்தில் தூரிகை படக் கூடாது.

சின்ன வயதிலிருந்து நாங்கள் அவரைப் "பச்சைக் கிருஷ்ணர்" என்றுதான் சொல்லுவோம். மயில் கழுத்து நிறம். அம்மா மட்டும் "அது நீலம் பிள்ளை" என்பா. அம்மாவுக்குக் கண்ணில் புரை, நான் பெரிதாக எடுக்கவில்லை. திருமாலின் மேனியைக் கரியது, நீலம், பச்சை என்று மூன்று விதமாகவும் நம்மவர் பாடியிருப்பதால் பச்சைக் கிருஷ்ணர் எனக்கு வினோதமாகவும் படவில்லை.

யூன் முழுக்கச் செயலி சொன்ன விகிதத்தில் கலந்து பார்த்தேன். பதினான்கு தடவை. பதினான்கும் வேறு வேறு பிழை.

18 ஓகஸ்ட், ஞாயிறு

நேற்றும் இன்றும் உட்கார்ந்து ஒரு வழி பிடித்தேன். வடிவாக எழுதுகிறேன், சுவருக்கும் உதவும்.

என் செயலியில் உள்ள கட்டுகள்: ஐந்து அடிப்படை நிறம் மட்டும், பங்குகள் முழு எண்ணில், கூட்டுத்தொகை பன்னிரண்டுக்கு மேல் போகாது. தாலோவைப் பன்னிரண்டில் ஒரு பங்கு போட்டாலே கடல் மாதிரி ஆகிவிடும், அரைப் பங்கு போட வழி இல்லை. ஆகவே வேகமான நிறத்தை முன்கூட்டியே நோஞ்சான் ஆக்கினேன். டைட்டேனியம் வெள்ளை 9 கிராம், தாலோ நீலம் 1 கிராம், நன்றாகக் கலந்து மூடி இறுக்கமான சின்னப் போத்தலில். பெயர் "நீலப்பால்". அதேபோல் கறுப்பு 1, வெள்ளை 19 சேர்த்துச் "சாம்பல்பால்". காய்ந்த பிறகு இவற்றைப் படம் எடுத்து, செயலியின் நீலத்தையும் கறுப்பையும் அழித்துவிட்டு இவற்றை அடிப்படை நிறமாகப் பதிந்தேன். இப்போது ஒரு பங்கு நீலப்பால் என்றால் பத்தில் ஒரு பங்கு நீலம். பன்னிரண்டு பங்குக்குள் நூற்று இருபதில் ஒன்று வரை இறங்கலாம்.

இதில் எதிர்பாராத நன்மை ஒன்று. வேகம் கிட்டத்தட்டச் சமமான, வெள்ளை கலந்த நிறங்களுக்குள் கலக்கும்போது அந்தச் சராசரிக் கணக்கின் பிழை சிறுத்துப் போகிறது. சுத்தக் கறுப்பும் சுத்த வெள்ளையும் தான் அதை மோசமாக ஏமாற்றுகின்றன.

அளக்கக் கரண்டி வேண்டாம். செட்டியார் தெருவில் நகைத் தொழில் செய்யும் எங்கள் ஒன்றுவிட்ட அண்ணரிடம் பழைய தராசு ஒன்றைக் கேட்டு வாங்கினேன், 0.01 கிராம் வரை காட்டும். பொன் நிறுத்த தட்டில் இப்போது பெயின்ட் நிற்கிறது. அண்ணர் பார்த்துவிட்டுத் தட்டை மட்டும் கழுவித் தா என்றார்.

18 ஓகஸ்ட், பின்னேரம்

ஒரு ஐயா கேட்டது சரி. செயலியின் "பங்கு" கன அளவா, நிறையா? அது சொல்லவே இல்லை. டைட்டேனியம் வெள்ளை நிறமி பாரமானது, கன சென்ரிமீற்றருக்கு 4 கிராமைத் தாண்டும். தாலோ அதன் பாதியும் இல்லை. ஆகவே ஒரு கரண்டி வெள்ளையும் ஒரு கரண்டி நீலமும் தராசில் ஒன்றல்ல. ஒன்றைப் பிடித்துக்கொண்டு கடைசி வரை அதிலேயே நில்லுங்கள். நான் நிறை.

24 ஓகஸ்ட்

படம் எடுக்கிற சங்கதி. என் பதினான்கு பிழையில் பாதி இங்கேதான் நடந்திருக்கிறது என்று இப்போது விளங்குகிறது.

ஃபோன் ஒவ்வொரு படத்துக்கும் வெண்மையைத் தானே தீர்மானிக்கிறது. காலையில் எடுத்த கிருஷ்ணரும் பின்னேரம் கடல் பக்க வெயிலில் எடுத்த கிருஷ்ணரும் இலக்கத்தில் அண்ணன் தம்பிகூட இல்லை. இதைத் திருத்தப் போராடாமல், தேவையில்லாத ஒன்றாக்கிவிடலாம். கலந்த மாதிரியைக் காயவிட்டு, பொம்மைக்குப் பக்கத்திலேயே வைத்து, இரண்டையும் ஒரே படத்தில் எடுங்கள். பிழையான ஒளி இரண்டிலும் ஒரே மாதிரி விழுகிறது. பிறகு வித்தியாசத்தை மட்டும் பாருங்கள்.

நேற்றையது: பொம்மை 92, 150, 146. என் மாதிரி 88, 139, 150. பொம்மை மாதிரியைவிடச் சிவப்பில் 4, பச்சையில் 11 கூட, நீலத்தில் 4 குறைவு. அந்த வித்தியாசத்தைப் பொம்மையின் இலக்கத்தோடு சேர்த்தேன்: 96, 161, 142. இப்படி ஒரு நிறம் பொம்மையில் எங்கும் இல்லை. அதைத்தான் செயலியிடம் கேட்டேன். அது எந்தப் பக்கம் பிழைக்கிறதோ அதற்கு எதிர்ப்பக்கம் குறி வைக்கிறேன். புதுக் கலவை, காயவிடு, திரும்பப் படம். மூன்றாம் சுற்றில் வித்தியாசம் ஒவ்வொன்றிலும் 3க்குள் வந்துவிட்டது.

ஒரு புள்ளியில் தொட்டு நிறம் எடுக்க வேண்டாம். மண் பொம்மையின் மேல் சின்னச் சின்னக் குழிகள், ஒவ்வொன்றிலும் நிழல். படத்தைச் சிறிதாக்கினால் புள்ளிகள் தானாகச் சராசரியாகும். இந்தச் சராசரி நமக்கு நல்லது செய்கிறது.

25 ஓகஸ்ட்

சொல்ல மறந்தது: இரவில் திரையை மஞ்சளாக்கும் வசதி ஃபோனில் தானாக விழித்துக்கொள்கிறது. திரையைப் பார்த்து ஒப்பிடுகிறவர்கள் அதை நிறுத்துங்கள். இதனால் ஒரு முழு இரவு வீண்.

27 ஓகஸ்ட்

நிறமியைக் கணக்கில் எடுக்கிற வழி இலவசமாகக் கிடைக்காதா என்று ஒரு தங்கச்சி கேட்டா. கிடைக்கிறது. 2021இல் சார்க்கா சோகோரோவா, ஒந்த்ரேய் யம்ரிஷ்கா என்ற செக் ஆய்வாளர்கள் "மிக்ஸ்பொக்ஸ்" என்ற முறையை வெளியிட்டார்கள். தாலோ நீலம், குவினக்ரிடோன் மஜெந்தா, ஹன்சா மஞ்சள், டைட்டேனியம் வெள்ளை என்ற நாலு நிறமியின் நடத்தையை வைத்து திரை நிறங்களைப் பெயின்ட் மாதிரிக் கலக்க வைக்கிறது. வணிகமல்லாத வேலைக்கு இலவசம். மஞ்சளும் நீலமும் அதில் பச்சையாகின்றன, பார்க்கவே சந்தோசம். ஆனால் அது திரையில் வரைகிறவர்களுக்குச் செய்தது. என் மேசையில் இருக்கும் குழாய்களை அதுவும் அறியாது. ஆகவே 24ஆம் திகதி எழுதிய சுற்று அதற்கும் வேண்டும், சுற்றுகள் குறையும், அவ்வளவுதான்.

குழாய் வாங்கும்போது முன்பக்கப் பெயரை விடுங்கள், பின்னால் சின்ன எழுத்தில் நிறமிக் குறி இருக்கும். பிபி 15 என்றால் தாலோ நீலம், பிபி 29 அல்ட்ராமரீன், பிடபிள்யூ 6 டைட்டேனியம் வெள்ளை. "வான நீலம்" என்ற பெயரில் ஒரு கடையில் ஒன்று, அடுத்த கடையில் வேறொன்று. குறி எல்லாக் கடையிலும் ஒன்று.

1 செப்டெம்பர்

ஈரத்தில் பார்த்து முடிவெடுக்க வேண்டாம். அக்ரிலிக் ஈரமாயிருக்கும்போது அதன் பசை பால் மாதிரி வெண்மை, காய்ந்தால் தெளிந்துவிடும், நிறம் ஒரு படி இறங்கும். சுவருக்கு அடிக்கும் எமல்சனும் பெரும்பாலும் அப்படித்தான். எங்கள் பக்கம் கடல் ஈரக்காற்று, தொட்டால் காய்ந்த மாதிரி இருக்கும், அடுத்த நாள் பார்த்தால் இன்னும் கொஞ்சம் இறங்கியிருக்கும். அவசரத்துக்குத் தலைமயிர் உலர்த்தி பிடிக்கலாம், கடைசி முடிவுக்கு ஒரு இரவு விடுங்கள்.

மாதிரியைக் கடதாசியில் பூசாமல் சேட்டுப் பெட்டியின் ஒளிபுகும் பிளாஸ்டிக் மூடியை வெட்டி அதில் பூசுகிறேன். விளிம்பு வரை பூசி, காயவிட்டு, பூசிய பக்கம் மேலே இருக்கப் பொம்மையின் மேல் படுக்க வைக்கலாம். பொருந்தினால் விளிம்பு கண்ணிலிருந்து மறையும். வெள்ளைக் கடதாசியில் பூசினால் சுற்றியுள்ள வெள்ளை கண்ணை ஏமாற்றி நிறத்தை இருட்டாகக் காட்டும்.

செயலி பத்துக் கலவைதான் சேமிக்கும், பதினொன்றைப் போட்டால் முதலாவது சொல்லாமல் அழிகிறது. கொப்பியில் எழுதுகிறேன், நிறை, திகதி, பக்கத்தில் மாதிரித் துண்டு ஒட்டியிருக்கும்.

8 செப்டெம்பர்

மருதானைப் பக்கம் கடைப் பெயர்ப்பலகை எழுதிய தந்தையின் மகன் ஒருவர் எழுதியிருக்கிறார், அப்பா எந்தச் செயலியும் இல்லாமல் கண்ணால் கலப்பார் என்று. அவர் எழுதிய மூன்று விடயத்தை எல்லோரும் படிக்க வேண்டும். வெளிர் நிறத்தை முதலில் எடு, கடும் நிறத்தை அதற்குள் விடு, ஒருபோதும் மாறிச் செய்யாதே. கடும் நிறத்தை ஈர்க்கில் நுனியால் தொட்டு விடு. மஞ்சளை இருட்டாக்கக் கறுப்பைத் தொடாதே, பச்சையாகிவிடும்.

இந்த மூன்றாவது எனக்கு இரவு முழுக்க மனதில் நின்றது. தம்பி, உங்கள் சுவர்! செயலிக்குக் கறுப்பு என்றால் இருட்டு மட்டும். உண்மையில் மஞ்சளோடு கறுப்பு சேர்ந்தால் பாசிப் பச்சை. அதன்மேல் செயலி நீலத்தையும் போட வைத்திருக்கிறது. உங்கள் சாம்பல் பச்சைக்கு நீலமே வேண்டியிருக்காது. வெள்ளை 100 கிராம் எடுங்கள், யெலோ ஓக்கர் என்ற மண் மஞ்சள் 3 கிராம், கறுப்பு அரைக் கிராமுக்கும் குறைவாகத் தொடங்குங்கள். ஓக்கர், பளிச்சென்ற மஞ்சள் அல்ல.

12 ஓகஸ்டில் எழுதிய என் விளக்கத்தில் மஞ்சளும் நீலமும் என்றே நின்றுவிட்டேன். கறுப்பைப் பற்றி அன்றே எழுதியிருந்தால் உங்களுக்கு ஒரு டின் மிச்சம்.

13 செப்டெம்பர்

தம்பி, "கிட்ட வந்துவிட்டது, ஆனால் ஒட்டுப் போட்ட மாதிரித் தெரிகிறது" என்கிறீர்கள். இனி நிறத்தில் குறை தேட வேண்டாம். பழைய சுவர் வெளிறி, கை பட்டு, மினுக்கம் மாறியிருக்கும். சுவர் றோலரால் அடித்தது, நீங்கள் தூரிகையால் தொட்டீர்கள், பக்கவாட்டு வெளிச்சத்தில் இரண்டும் வேறு. ஒட்டுப் போடுவதை விடுங்கள். மூலையிலிருந்து மூலை வரை அந்த ஒரு சுவரை முழுதாக றோலரால் அடியுங்கள். மூலையில் வெளிச்சம் எப்படியும் உடைகிறது, அடுத்த சுவரோடு சிறு வித்தியாசம் இருந்தாலும் கண் மன்னிக்கும்.

முழுச் சுவருக்கு நாலு லீற்றர் கையால் கலப்பது பாவம். மெயின் சுவிச்சை நிறுத்திவிட்டு ஒரு சுவிச் மூடியைக் கழற்றி, அதன் பின்னால் மறைந்த இடத்தில் ரூபாக் குற்றியளவு பெயின்ட் தோலை வெட்டி எடுங்கள். நிறம் கலக்கும் இயந்திரம் உள்ள கடையில், நிறம் வாசிக்கும் கருவி இருக்கிறதா என்று கேட்டுவிட்டுக் கொடுங்கள். படமல்ல, தோலையே. அந்தக் கருவி தன் சொந்த விளக்கால் ஒளி விட்டு, திரும்பி வருவதை அலைநீளம் அலைநீளமாக அளக்கும். சுவிச்சுக்குப் பின்னால் இருந்தது வெளிறாத தோல் என்பதால் கடைக்காரரிடம் ஒரு சொட்டுக் குறைக்கச் சொல்ல வேண்டி வரலாம், முதலில் சின்ன டின்னில் பாருங்கள்.

15 செப்டெம்பர்

என் பக்கம் நல்ல செய்தி இல்லை. ஆறாம் சுற்றில் இலக்கங்கள் கிட்டத்தட்ட அப்படியே பொருந்துகின்றன: 92, 150, 145. சேட்டுப் பெட்டித் துண்டை வைத்தால் விளிம்பு மறைகிறது. ஆனால் இரண்டடி தள்ளி நின்று பார்த்தால் என் துண்டு முத்திரை ஒட்டிய மாதிரி இருக்கிறது. பழையது உள்ளுக்குள் ஆழமாக, என்னுடையது தட்டையாக. ஒரு வாரமாக மினுக்கத்தை மாற்றிப் பார்த்தேன். அதுவுமில்லை.

கொலுவுக்குப் பதினெட்டு நாள்.

22 செப்டெம்பர், ஞாயிறு

நேற்று வாக்களிப்பு முடிந்து இரவு பத்துக்குப் போட்ட ஊரடங்கை இன்று நண்பகல் வரை நீட்டியிருக்கிறார்கள். காலி வீதியில் ஒரு பஸ் இல்லை, கடல் சத்தம் மூன்றாம் மாடி வரை கேட்கிறது. வேறு வேலை இல்லாததால் கிருஷ்ணரைப் பல்கனி வெளிச்சத்தில் தலைகீழாகப் பிடித்தேன், முதன்முறையாக. பீடத்துக்கு அடியில், பாதத்தின் மடிப்பில், வார்னிஷ் போகாத ஒரு விரல் அகல இடம்.

நீலம். சுத்த வான நீலம்.

அம்மாவைக் கூப்பிட்டுக் காட்டினேன். "நான் சின்னப் பிள்ளையாய் இருக்கேக்கை முழுக்க இப்பிடித்தான் இருந்தவர்" என்றா, வேறொன்றும் சொல்லவில்லை. நாங்கள் பிறந்து பார்க்கும் முன்பே வார்னிஷ் மஞ்சளாகிவிட்டது. மஞ்சள் கண்ணாடிக்குப் பின்னால் நீலத்தை வைத்தால் பச்சை தெரியும், அந்தப் பச்சையைத்தான் நாங்கள் கும்பிட்டு வந்திருக்கிறோம். 13 ஓகஸ்ட் குறிப்பில் அம்மாவின் கண்ணைப் பற்றி எழுதியதைத் திரும்பப் பெறுகிறேன். அம்மா நினைவில் வைத்திருந்ததை நான் கேட்கவில்லை.

23 செப்டெம்பர்

இப்போது கணக்கு நேராகிறது. நான் ஒரு தட்டில் கலந்து ஒரு பூச்சில் முடிக்கப் பார்த்தது உண்மையில் இரண்டு படை. செயலிக்குக் கலப்பது மட்டும் தெரியும், ஒன்றின் மேல் ஒன்று போடத் தெரியாது. அதைச் செயலிக்கு வெளியே கையால் கணக்கிட்டேன்.

ஒளிபுகும் படை சராசரி எடுக்காது, பெருக்கும். வார்னிஷ் எவ்வளவு விழுங்குகிறது என்று பார்க்க வெள்ளை இடம் வேண்டும். கிருஷ்ணர் காலடியில் இருக்கும் பசுவின் முதுகு வார்னிஷோடு 226, 204, 150. அதே வெள்ளை பீடத்தின் அடியில் வார்னிஷ் இல்லாமல் 240, 238, 230. வகுத்தால் 0.94, 0.86, 0.65. வார்னிஷ் நீல இலக்கத்தில் மூன்றில் ஒன்றை விழுங்குகிறது. பாதத்தின் வெறும் நீலம் 100, 172, 220. பெருக்கினால் 94, 147, 143. நான் ஒரு மாதமாகத் துரத்திய 92, 150, 146 இதோ. கொப்பியில் இந்த வரியை எழுதும்போது கை நடுங்கியது.

24 செப்டெம்பர்

ஒருவர் திருத்தியிருக்கிறார்: திரை இலக்கங்கள் ஒளியின் நேரான அளவு அல்ல, வளைத்துப் பதிந்தவை, நீ எப்படிப் பெருக்குவாய் என்று. சராசரிக்கு அவர் சொல்வது முழுச் சரி. கறுப்புக்கும் வெள்ளைக்கும் நடுவில் பாதி ஒளி என்றால் இலக்கம் 128 அல்ல, 188. பெருக்கலுக்கு அந்த வளைவு பெரிதாக இடைஞ்சல் செய்யாது, ஏனென்றால் அது கிட்டத்தட்ட ஒரு அடுக்குக் கணக்கு (எண்ணைத் தன்னாலேயே பெருக்குவது மாதிரி), இரண்டு எண்ணையும் அடுக்கேற்றிப் பெருக்கினாலும் பெருக்கி அடுக்கேற்றினாலும் ஒன்றே. ஆகவே என் பெருக்கல் தப்பிப் பிழைக்கிறது. பிழை இரண்டு மூன்று இலக்கத்துக்குள்.

28 செப்டெம்பர்

வேலை நடந்த ஒழுங்கு. கழன்ற இடத்தில் மட்டும் வெறும் நீலத்தை நிரப்பினேன், நீலப்பாலும் வெள்ளையும், பழைய பெயின்டின் மேல் ஏறாமல். இதற்கு 24 ஓகஸ்டில் எழுதிய சுற்று இரண்டே போதுமாக இருந்தது, குறி சரியாக இருந்தால் செயலியும் சொன்ன பேச்சுக் கேட்கிறது. ஒரு இரவு காயவிட்டு, நிறமி இல்லாத தெளிந்த அக்ரிலிக் மீடியத்தில் ரோ சியன்னா என்ற மஞ்சள் பழுப்பு மிகக் கொஞ்சம் கலந்து மூன்று மெல்லிய படை. மஞ்சள் போதுமா என்று பார்க்க அதைச் சேட்டுப் பெட்டி மூடியில் பூசி வெள்ளைக் கடதாசியின் மேல் வைத்துப் பசுவின் முதுகோடு ஒப்பிட்டேன்.

முழு வார்னிஷையும் கழற்றிப் பழைய நீலத்தைக் கொண்டுவரலாமே என்று இருவர் கேட்டார்கள். ஆசைதான். ஈரப் பஞ்சால் ஒரு ஓரம் தொட்டேன், அழுக்குத்தான் வந்தது. ஸ்பிரிட் போட்டால் வார்னிஷோடு அடிப் பெயின்டும் வரக்கூடும். பழுதுபார்ப்பு படித்த ஒருவர் கையில் தவிர அதை நான் செய்யமாட்டேன்.

2 ஒக்டோபர், இரவு

நாளை கொலு. பகலில் பார்த்தபோது எங்கே தொட்டேன் என்று எனக்கே தேட வேண்டியிருந்தது. பொழுது பட்டதும் படியில் வைத்து மஞ்சள் மின்குமிழ்ச் சரத்தைப் போட்டேன். இடது கையில் ஒரு பச்சைத் தழும்பு!

இது நிறமிகளின் சண்டை. பழைய நீலம் எதுவோ, அது சிவப்பு ஒளியைக் கொஞ்சம் திருப்பி அனுப்புகிறது. தாலோ சிவப்பை முழுக்க விழுங்கும். பகல் வெளிச்சத்தில் இரண்டும் ஒன்றாகத் தெரியும், சிவப்பு மிகுந்த மஞ்சள் விளக்கில் பிரிந்துவிடும். படத்து இலக்கங்கள் மூன்று மட்டும் என்பதால் எந்தச் செயலியாலும் இதை முன்கூட்டிச் சொல்ல முடியாது.

எந்த வெளிச்சத்துக்குப் பொருத்துவது என்று அம்மாவிடம் கேட்டேன். "கொலுவை ஆர் பகலிலை வந்து பாக்கினம்?" என்றா. விளக்கைப் போட்டுவிட்டு அதன் கீழேயே இருந்து, தாலோவில் ஒரு பங்கைக் குறைத்து அல்ட்ராமரீன் சேர்த்துத் திரும்பச் செய்கிறேன். அல்ட்ராமரீன் சிவப்பின் ஓரத்தில் கொஞ்சம் ஒளி விடும்.

3 ஒக்டோபர்

விடியப்புறம் 2.20க்கு முடிந்தது. விளக்கில் மறைந்துவிட்டது. பகலில் பார்த்தால் ஒரு நூல் ஊதாச் சாயல், தெரிந்தவருக்கு மட்டும்.

தம்பி, சுவர் அடித்து முற்பணம் முழுதாகக் கிடைத்தது என்ற செய்தியைக் காலையில் கும்பம் வைக்கும்போது வாசித்தேன். கடைக்காரர் ஒரு சொட்டுக் குறைத்தாரா இல்லையா என்று மட்டும் எழுதுங்கள், பிறகு வாசிப்பவர்களுக்கு வேண்டும்.

14 ஒக்டோபர்

மழை விடவில்லை, பள்ளிக்கூடங்களுக்கு லீவு. பொம்மைகளைத் திரும்பக் கட்டுகிறோம். கிருஷ்ணரின் கையில் அக்ரிலிக் படை இன்னும் கொஞ்சம் ஒட்டுப்பாடு, இந்த ஈரத்தில் பத்திரிகைக் கடதாசி சுற்றினால் எழுத்து அப்படியே பதியும். பழைய பருத்தி வேட்டித் துண்டில் சுற்றி, கையை மட்டும் வெளியே விட்டு, றங்குப்பெட்டிக்குள் போடாமல் அலுமாரி மேல் தட்டில் நிற்கவைத்திருக்கிறேன்.

கொப்பியிலிருந்து ஒரு சின்னக் கடதாசித் துண்டில் பிரதி எடுத்துப் பீடத்தின் குழிக்குள் செருகினேன். பென்சிலில், ஈரத்தில் கலங்காமல்:

நீலப்பால்: டைட்டேனியம் வெள்ளை 9.00, தாலோ நீலம் 1.00. இடது கை: நீலப்பால் 2.10, வெள்ளை 3.40, அல்ட்ராமரீன் 0.35. மேலே ரோ சியன்னா மீடியம், மூன்று படை. மஞ்சள் விளக்கில் பொருத்தியது, 03.10.2024. அடியில் இவர் நீலம்.